நெற்றியால் ஆடியவர்

ஜெர்சி சிட்டியில் இருந்த அப்பார்ட்மென்ட்டை விட்டு நாங்கள் கிளம்பியதற்கு மகளின் பந்துதான் காரணம். அவள் ஹாலில் பந்தைத் தட்ட ஆரம்பித்ததும் கீழ்வீட்டுக்காரர் துடைப்பக்கட்டையால் மேல்கூரையைக் குத்துவார். பள்ளிக்கூடக் கால்பந்து டீமில் அவள் தற்காப்பு ஆட்டக்காரி. வாரம் முழுவதும் கால் பரபரக்கும் பெண்ணை எத்தனை நாள் கார்ப்பெட்டில் உட்கார வைக்க முடியும்?

ஆற்றுக்கு மேற்கே, ஒரு காலத்தில் நூல் ஆலைகளை நம்பிப் பிழைத்த சின்ன ஊரில் பழைய மரவீடு ஒன்று கிடைத்தது. எங்கள் ஜன்னலுக்கும் பக்கத்து வீட்டு ஜன்னலுக்கும் நடுவே ஒரு கார் நுழையத்தான் இடம். ஆனால் பின்னால் நீளமான கொல்லை. அதன் கோடியில் செங்கல்லால் கட்டிய கராஜ் இருந்தது. இன்றைய கார் எதுவும் உள்ளே போகாத அளவுக்கு அது குறுகல். வீட்டைப் பார்த்த பக்கம் ஜன்னலோ கதவோ இல்லாத வெறும் சுவர். மகள் அந்தச் சுவரைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். அதோடு வீடு முடிவாகிவிட்டது.

அந்தச் சுவரில் ஓர் இடம் மட்டும் வெளுத்திருந்தது. சாப்பாட்டுத் தட்டைவிடக் கொஞ்சம் பெரிய வட்டம். அங்கே செங்கல்லின் முனைகள் மழுங்கி, இடையில் இருந்த பூச்சு உதிர்ந்து குழிந்திருந்தது. கூரையிலிருந்து தண்ணீர் ஒழுகி அரித்திருக்கும் என்றார் கணவர். ஒழுகும் தண்ணீர் வட்டமாக அரிக்குமா என்று நான் நினைத்தேன். கேட்கவில்லை. பெட்டிகளைப் பிரிக்கவே நேரம் போதாத நாட்கள் அவை.

குடிவந்தது கோடையில். சத்தம் தொடங்கியது நவம்பரில், குளிர்காலத்துக்காகக் கடிகாரத்தை ஒரு மணி நேரம் பின்னால் தள்ளி வைத்து, சாயங்காலம் சீக்கிரம் இருட்டத் தொடங்கிய பிறகு. நான் ஒரு வங்கியின் ஐடி பிரிவில் வேலை செய்கிறேன். சில நாட்கள் ரயிலேறி அலுவலகம் போவேன், மற்ற நாட்களில் சமையலறை மேசைதான் அலுவலகம். அப்படி வீட்டில் இருந்த ஒரு நாள், வெளிச்சம் மங்கும் வேளையில், கொல்லையில் பந்து அடிக்கும் சத்தம் கேட்டது. முதலில் மந்தமாக ஒன்று, தலையணையைக் கையால் குத்தியதுபோல. உடனே அதைவிடக் கெட்டியாக இன்னொன்று. சற்று நேரம் அமைதி. மறுபடியும் அதே இரண்டு.

மகள் சீக்கிரம் வந்துவிட்டாள் என்று நினைத்து மீட்டிங்கைத் தொடர்ந்தேன். கொஞ்ச நேரத்தில், ஸ்கிரீனில் இருந்த சக ஊழியர் ஒருவர், உங்கள் வீட்டில் ஏதாவது மராமத்து நடக்கிறதா என்று கேட்டார். எழுந்து ஜன்னல் வழியாகப் பார்த்தேன். புல்லின் மேல் இலைகள் கிடந்தன. யாரும் இல்லை. சத்தம் மட்டும் வந்துகொண்டிருந்தது. அரைமணி நேரம் கழித்துத்தான் மகள் வாசல் கதவைத் திறந்து பையைத் தூக்கிப் போட்டாள்.

கணவர் ஒரு மருந்துக் கம்பெனியில் வேலை செய்கிறார். எதற்கும் ஒரு காரணம் கண்டுபிடிக்காமல் அவருக்குச் சாப்பாடு இறங்காது.

"அது ரேடியேட்டர் சத்தம்மா," என்றார். "பழைய வீடுன்னா பைப்ல ஸ்டீம் ஏர்றப்ப அப்படித்தான் இடிக்கும். ப்ளம்பரை வரச் சொல்லி செக் பண்ணிக்கலாம்."

ப்ளம்பர் வந்தார். எல்லாக் குழாயையும் தட்டிப் பார்த்துவிட்டு, பழசானாலும் நன்றாக இருக்கிறது என்றார். அடுத்து வந்த ஒரு வெதுவெதுப்பான நாளில் ஹீட்டரை அணைத்தே வைத்திருந்தோம். அன்றைக்கும் அந்த வேளைக்கு அந்தச் சத்தம் வந்தது. அந்த வாரம் பிரிட்ஜ்வாட்டர் கோயிலுக்குப் போனபோது, வழக்கத்தைவிட அதிக நேரம் கண்ணை மூடி நின்றேன். என்ன வேண்டிக்கொண்டாய் என்று கணவர் கேட்கவில்லை. அவர் வீட்டில் இருக்கும் நாட்களில் சத்தம் வந்ததே இல்லை என்பதால், எனக்கு வேலைப்பளு அதிகம் என்று அவர் முடிவு செய்திருந்தார்.

பிறகு ஓர் அம்மா வந்தார்.

குப்பைத் தொட்டியை வாசலுக்கு இழுத்துக்கொண்டு போனேன். நடைபாதையில், வாக்கரைப் பிடித்துக்கொண்டு மிக வயதான வெள்ளைக்காரப் பெண்மணி ஒருவர் எங்கள் டிரைவ்வேயையே பார்த்து நின்றார். தெருக்கோடியில் இருக்கும் முதியோர் குடியிருப்பில் வசிப்பதாகச் சொன்னார். தொண்ணூறைத் தாண்டியவர், ஆனால் பேச்சில் தடுமாற்றம் இல்லை. இந்த வீட்டில்தான் பிறந்தாராம். கராஜ் சுவர் இன்னும் இருக்கிறதா என்று கேட்டார். இருக்கிறது என்றேன்.

"உங்கள் பிள்ளை நன்றாக ஆடுகிறது," என்றார். "காலால் இல்லை, தலையால். சத்தத்திலேயே தெரிகிறது."

அந்த நேரம் மகள் பள்ளியில் பிராக்டிஸில் இருந்தாள். வீட்டில் யாருமே இல்லை. கொல்லையில் சத்தம் மட்டும் கேட்டுக்கொண்டிருந்தது. அவர் இன்னும் கொஞ்ச நேரம் காது கொடுத்து நின்றுவிட்டு, வாக்கரைத் திருப்பிக்கொண்டு போனார். வேறு ஒருவருக்கும் அது கேட்கிறது என்பதில் எனக்கு நிம்மதி வந்திருக்க வேண்டும். வந்தது நிம்மதி இல்லை.

அதற்குப் பிந்தைய வாரங்களில் மகளின் ஆட்டம் மாறியது. உயரமாக வரும் பந்துக்கு இவ்வளவு துணிந்து எழும்பும் பெண்ணைப் பார்த்ததில்லை என்று கோச் மெசேஜ் அனுப்பினார். நாங்கள் சந்தோஷப்பட்டோம். பள்ளியிலிருந்து வந்ததும் அவள் நேராகக் கொல்லைக்குப் போவாள். நான் மீட்டிங்கில் இருப்பேன். இப்போது வரும் சத்தத்துக்குச் சொந்தக்காரி இருக்கிறாள் என்பதால், ஜன்னல் பக்கம் திரும்பாமல் இருக்கப் பழகிக்கொண்டேன்.

தூறல் விழுந்த ஒரு நாள், உள்ளே கூப்பிடலாம் என்று கதவைத் திறந்தேன். அவள் சுவரைப் பார்த்து, எனக்கு முதுகைக் காட்டி நின்றாள். பந்து அவள் நெற்றியில் பட்டு, சுவரின் வெளுத்த வட்டத்தில் பட்டு, மறுபடி நெற்றிக்கு வந்தது. கீழே விழவில்லை. அவள் கையை முன்னால் நீட்டவில்லை, அவள் வயதுப் பிள்ளைகள் செய்வதுபோலக் கண்ணைச் சுருக்கவில்லை. இரண்டு கையையும் உடம்போடு ஒட்டி, முழங்காலை லேசாக மடித்து, கழுத்தை மட்டும் வெடுக்கென்று முன்னால் அசைத்தாள். நடுத்தர வயது ஆண் ஒருவர் நிற்கும் விதம் அது. நான் பெயர் சொல்லிக் கூப்பிட்டேன். திரும்பவில்லை. பக்கத்தில் போய்த் தோளைப் பிடித்து இழுத்த பிறகுதான் என்னைப் பார்த்தாள். நெற்றி சிவந்து வீங்கியிருந்தது.

எப்போது குதிக்க வேண்டும் என்று எப்படித் தெரிகிறது என்று கேட்டேன். அவள் ஆங்கிலத்தில்தான் பதில் சொல்வாள். அன்றும் அப்படித்தான் சொன்னாள். பந்து வருவதற்கு முன்னால் நிறையப் பேர் சேர்ந்து 'ஊ' என்று முனகுகிறார்களாம். மெதுவாகத் தொடங்கி மேலே ஏறுமாம். அது உச்சிக்குப் போகும்போது குதித்தால் போதுமாம். பக்கத்துத் தெருவில் ஏதோ ஸ்பீக்கர் வைத்திருக்கிறார்கள் என்று அவள் நினைத்திருந்தாள்.

மறுநாள் அவளுக்குத் தலைவலி. சாப்பாட்டு மேசையில் கரண்டியைக் கையில் வைத்துக்கொண்டு, இதற்கு என்ன பெயர் என்று என்னைக் கேட்டாள். கணவர் உடனே காரை எடுத்தார். லேசான கன்கஷன் என்றார் டாக்டர். மூளை குலுங்கியிருக்கிறது, சின்ன வயது, சரியாகிவிடும், ஆனால் கொஞ்ச காலத்துக்கு ஓட்டம் வேண்டாம், ஸ்கிரீன் வேண்டாம், தலையில் பந்து படவே கூடாது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், கணவர் மளிகை வாங்கப் போன நேரத்தில், நான் முதியோர் குடியிருப்புக்குப் போய் அந்த அம்மாவை அழைத்து வந்தேன். சமையலறையில் உட்கார வைத்து டீ போட்டுக் கொடுத்தேன். மகள் ஹாலில் சோபாவில் படுத்திருந்தாள். இந்தச் சுவரில் ஆடியது யார் என்று கேட்டேன். என் அப்பா என்றார். அவர் ஆங்கிலத்தில் சொன்னதை என் நினைவில் இருக்கும் அளவுக்கு இங்கே எழுதுகிறேன்.

அவருடைய அப்பா இங்கிலாந்தின் வடக்கே ஒரு நிலக்கரி ஊரில் பிறந்தவர். சிறுவயதிலேயே சுரங்கத்துக்குள் இறங்கினார். சனிக்கிழமை மதியம் வேலை முடிந்ததும், முகத்துக் கரியைக்கூடக் கழுவாமல் பந்தாடும் கூட்டத்தில் அவரும் ஒருவர். பக்கத்து நகரத்தின் கிளப் அவரைச் சம்பளத்துக்கு எடுத்துக்கொண்டது. சுரங்க இருட்டை விட்டு வெளியே வந்த அந்த முதல் வாரத்தில்தான், ஒரு பகல் எவ்வளவு நீளம் என்று தெரிந்துகொண்டேன் என்று மகளிடம் சொல்வாராம்.

தற்காப்பின் நடுவில் நிற்பது அவர் இடம். எதிராளி பந்தை வானத்துக்குத் தூக்கி அடித்தால், அது இறங்கும் இடத்தில் இவர் நெற்றி இருக்கும். அந்தக் காலத்துப் பந்து தடித்த தோல். அதன் வாயைத் தோல்நாடாவால் தைத்து இறுக்கியிருப்பார்கள். மழையில் நனைந்தால் ஈரமூட்டை மாதிரி கனக்கும். நாடா இருக்கும் பக்கம் பட்டால் தோல் கிழியும். அப்பாவின் நெற்றியில் குறுக்கும் நெடுக்குமாகக் கோடுகள் இருந்தன. சின்ன வயதில் மடியில் ஏறி அவற்றை விரலால் தடவுவேன் என்றார்.

"பந்து மேலே போனதும் ஜனங்கள் 'ஊ' என்று ஆரம்பிப்பார்களாம்," என்றார் அவர். "அப்பா எழும்பும்வரை அது ஏறிக்கொண்டே போகுமாம். பிறகு சட்டென்று நின்றுவிடுமாம். எல்லோரும் அந்த ஒரு அடியின் சத்தத்தைக் கேட்பதற்காக."

நான் ஹாலைத் திரும்பிப் பார்த்தேன். மகள் கண்ணைத் திறந்து கூரையைப் பார்த்துக்கொண்டு படுத்திருந்தாள். அவள் கேட்ட முனகலைப் பற்றி நான் இவரிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கவில்லை.

ஒரு கோப்பை ஆட்டம். சேறும் மழையும். முதல் பாதி முடியும் தறுவாயில் இவர் எதிர் கோல்வரை முன்னேறியிருந்தபோது, உயரமாக வந்த பந்தைக் குத்தித் தள்ள வந்த எதிர் கோல்கீப்பரின் முஷ்டி இவர் தலையில் இறங்கியது. சுருண்டு விழுந்தார். கோலுக்குப் பின்னால் தூக்கிக்கொண்டு போய் முகத்தில் தண்ணீர் ஊற்றினார்கள். மாற்று ஆட்டக்காரர் என்ற வழக்கமே அன்று கிடையாது. இடைவேளை முடிந்ததும் எழுந்து மறுபடி மைதானத்துக்குள் போனார். இரண்டாம் பாதி முழுக்க ஆடினார். அவர் ஆடியதிலேயே சிறந்த ஆட்டம் அதுதான் என்று ஊரே பேசியது. அவருக்கு அதில் ஒரு நிமிடம்கூட நினைவில்லை. மறுநாள் மற்றவர்கள் சொல்லித்தான் ஜெயித்தது தெரியும்.

அதற்குப் பிறகும் பல வருடம் ஆடினார். முதல் உலகப் போர் வந்தது. திரும்பி வந்தவருக்கு முழங்கால் ஒத்துழைக்கவில்லை. கிளப் அனுப்பிவிட்டது. நியூ ஜெர்சியில் ஒரு நூல் ஆலை தனக்கென்று டீம் வைத்து, இங்கிலாந்திலிருந்தும் ஸ்காட்லாந்திலிருந்தும் ஆட்களை வரவழைத்துக்கொண்டிருந்த காலம் அது. கப்பலேறினார். வாரநாட்களில் சாயப்பட்டறை, விடுமுறை நாளில் ஆட்டம். இங்கேயும் அவருக்காகக் கூட்டம் வந்தது. பிறகு பொருளாதார மந்த காலம் வந்து ஆலை டீமைக் கலைத்தது. அவர் ஆலையில் காவல்காரர் ஆனார். கல்யாணம் தாமதமாக நடந்தது, ஒரே மகள்.

மகளுக்கு விவரம் தெரிந்தபோதே அப்பாவுக்கு வார்த்தைகள் தொலைய ஆரம்பித்திருந்தன. வீட்டுக்கு வரும் வழி தொலைந்தது. மனைவியை யாரோ வாடகை வீட்டுக்காரி என்று நினைத்து மரியாதையாகப் பேசினார். குத்துச்சண்டைக்காரர்களுக்கு வருவதுதான் இது, ஆனால் இவர் சண்டை போட்டவர் இல்லையே என்றாராம் டாக்டர். கடைசியில் அவரிடம் மிஞ்சியது ஒரே கேள்வி. இரண்டாம் பாதி ஆரம்பித்துவிட்டதா என்று எல்லோரையும் கேட்பார். சாப்பிடும்போது கேட்பார், குளிக்க வைக்கும்போது கேட்பார்.

"கொல்லையில் பந்தை எறிந்தால் மட்டும் அமைதியாவார்," என்றார் அந்த அம்மா. "அதனால் பள்ளி விட்டு வந்ததும் நான் எறிவேன். வீட்டுக்குள் என்னைத் தெரியாது. அங்கே தெரியும். நல்ல பந்து மகளே என்பார். இருட்டும்வரை எறிவேன். தலையில் படுவதால்தான் இப்படி ஆனது என்று எங்களுக்கு யாரும் சொல்லவில்லை. சொல்லியிருந்தாலும் எறிந்திருப்பேனோ என்னவோ."

டீ ஆறி, வெளியே வெளிச்சம் மங்கத் தொடங்கியிருந்தது. அவர் எழுந்து வாக்கரைப் பிடித்தார். சுவரைப் பார்க்க வேண்டும் என்றார்.

ஆற்றுப்பக்கமிருந்து பனி ஏறிக்கொண்டிருந்தது. கொல்லையின் நடுவில், தனக்கு நன்றாகத் தெரிந்த ஓர் இடத்தில் நிற்பதுபோல அவர் நின்றார். புல்லில் மகளின் பந்து நனைந்து கிடந்தது. அதை எடுத்துத் தரச் சொன்னார். நான் தயங்கினேன். தொண்ணூறைத் தாண்டிய அம்மா கையை நீட்டிக் கேட்கும்போது எப்படி மறுப்பது? கொடுத்தேன். வாக்கரை விட்டுவிட்டு, இரண்டு கையாலும் பந்தைத் தலைக்கு மேல் தூக்கி எறிந்தார். அது சுவர்வரை போகவே இல்லை. பாதியிலேயே இலைகளின் மேல் விழுந்து நின்றுவிட்டது.

பந்து தரையில் கிடக்கும்போதே மந்தமாக ஒரு சத்தம் கேட்டது. உடனே சுவரில் கெட்டியாக இன்னொன்று.

நான் அந்த அம்மாவின் முகத்தைப் பார்த்தேன். பயத்தை எதிர்பார்த்தேன். அவர் சிரித்துக்கொண்டிருந்தார். கன்னமெல்லாம் சிவந்து, பள்ளி விட்டு வந்த சிறுமியைப் போல இருந்தார்.

"இன்னொரு தடவை," என்றார். "பந்தை எடுத்துக் கொடு."

அப்போதுதான் எனக்குப் புரிந்தது. இதை நிறுத்துவதற்கு அவர் வரவில்லை. அவர் கையைப் பிடித்து, போதும், உள்ளே போகலாம் என்றேன். அவர் என்னை உதறினார், அந்த வயதுக்கு இல்லாத பலத்தோடு. எங்களுக்குப் பின்னால் கதவு சத்தம் கேட்டுத் திரும்பினேன். மகள் சாக்ஸோடு ஈரப்புல்லில் இறங்கி வந்திருந்தாள். கைகள் உடம்போடு ஒட்டியிருந்தன. முழங்கால் லேசாக மடிந்திருந்தது. சுவரைப் பார்த்தபடி, எதற்கோ காத்திருப்பதுபோல நின்றாள்.

ஓடிப்போய் அவளைக் கட்டிப்பிடித்துத் தலையை என் தோளில் அழுத்திக்கொண்டேன். அவளுடைய கழுத்து என் கைக்குள் வெட்டி வெட்டி அசைந்தது. சத்தம் தொடர்ந்து வந்தது. டிரைவ்வேயில் கார் நின்ற ஓசையை நான் கேட்கவில்லை. நிமிர்ந்தபோது, கணவர் இரண்டு கையிலும் மளிகைப் பைகளோடு நின்று சுவரையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு பைகளைக் கீழே வைத்தார்.

"பாப்பாவ உள்ள கூட்டிட்டுப் போ," என்றார். "இத இடிச்சிடலாம்."

அந்த அம்மாவை அவர்தான் மெதுவாகப் பேசி, குடியிருப்புவரை கொண்டுபோய் விட்டார். ரேடியேட்டரைப் பற்றி அதன் பிறகு அவர் பேசியதில்லை.

டவுனில் அனுமதி வாங்கி, கிறிஸ்துமஸுக்கு முன்பே கராஜை இடித்தோம். இடிப்பதற்கு முன் அந்த அம்மாவிடம் போய்ச் சொன்னேன். செய்ய வேண்டியதுதான் என்றார். ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு, அப்படியென்றால் அப்பா எங்கே என்று ஆரம்பித்து, முடிக்காமல் விட்டுவிட்டார். சுவர் போன பிறகும் அந்தக் குளிர்காலத்தில் சில சாயங்காலங்களில் மந்தமான முதல் சத்தம் வந்தது. கெட்டியான இரண்டாவது சத்தம் மட்டும் வரவில்லை. அது போய்ப் பட ஒன்றும் இல்லையே. எனக்கு அந்தப் பழைய ஆட்டக்காரர்மேல் முதல்முறையாக இரக்கம் வந்தது. பனி உருகி, பகல் நீண்டபோது அதுவும் நின்றது.

மகளுக்குத் தலைவலி போய், வார்த்தைகளும் முழுசாகத் திரும்பின. டாக்டர் அனுமதித்த பிறகு மறுபடி டீமில் சேர்ந்தாள். உயரமான பந்து வந்தால் இப்போது ஓரடி பின்னால் நகர்ந்து, அது தரைக்கு வரும்வரை காத்திருக்கிறாள். கோச் கத்துகிறார். அவள் கண்டுகொள்வதில்லை.

கோடைத் தொடக்கத்தில் அந்த அம்மா தூக்கத்தில் இறந்தார். குடியிருப்பிலிருந்து போன் வந்தது. நானும் மகளும் போனோம். இறுதிச்சடங்குக் கூடத்தில் கொஞ்சம் பேர்தான். சவப்பெட்டிக்குப் பக்கத்தில் குடும்பப் புகைப்படங்களை ஒரு மேசைமேல் வைத்திருந்தார்கள். அவற்றில் ஒன்று பழைய கால்பந்து டீம். மூன்று வரிசையாக ஆண்கள், எல்லோருக்கும் நடுவகிடு, எல்லோருக்கும் ஒரே சட்டை, ஒரே முறைப்பு. கீழே பெயர் எதுவும் எழுதவில்லை. படம் மிகவும் மங்கியிருந்ததால் எவர் நெற்றியிலும் கோடுகள் தெரியவில்லை. இதில் அவர் யாராக இருப்பார் என்று குனிந்து ஒவ்வொரு முகமாகத் தேடினேன்.

மகள் என் தோளுக்கு மேல் எட்டிப் பார்த்து, யோசிக்காமல் பின்வரிசையில் ஒருவரைத் தொட்டாள். இறந்தவரின் தூரத்து உறவினர் ஒருவர் அருகில் நின்றிருந்தார். ஆமாம், அவர்தான், அத்தையே காட்டியிருக்கிறார், உனக்கு எப்படித் தெரியும் என்று ஆச்சரியத்தோடு கேட்டார்.

மகள் என்னைப் பார்த்தாள். பிறகு அவரிடம், சும்மா ஒரு யூகம் என்று ஆங்கிலத்தில் சொல்லிவிட்டு, கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டாள்.